கோலைத் தடுக்க வேண்டியவர் கோல் அடித்த கதை.. இந்தியாவுக்கு தங்கம் வாங்கித் தந்த 'ஸ்டாப்பர்' ஜர்னைல் சிங் யார்?

1962 செப்டம்பர் 4. இந்தோனேசியத் தலைநகர் ஜகார்த்தா. ஆசிய விளையாட்டுப் போட்டியின் கால்பந்து இறுதி ஆட்டம். ஒரு பக்கம் இந்தியா, எதிர்ப்பக்கம் தென் கொரியா. மைதானம் நிரம்பி வழிகிறது. ஆனால் அந்தக் கூட்டத்தில் இந்தியாவுக்குக் கை தட்ட ஆள் இல்லை. இந்திய வீரர்கள் பந்தைத் தொட்டாலே கூச்சல்.

17-வது நிமிடத்தில் பி.கே. பானர்ஜி கோல் அடித்தார். மூன்றே நிமிடம் கழித்து, 20-வது நிமிடத்தில் இன்னொரு கோல். 2-0. கடைசியில் கொரியா ஒன்று திருப்பியடித்தும் இந்தியா 2-1 என ஜெயித்தது. அந்த இரண்டாவது கோல் இல்லை என்றால் ஆட்டம் டிரா.

அந்த கோலை அடித்தவர் ஃபார்வர்டு இல்லை. எதிரணி கோல் அடிக்காமல் தடுப்பதுதான் அவர் வேலை. அதற்கு சில நாள் முன்புதான் தலையில் அடிபட்டு தையல் போட்டிருந்தார். பெயர் ஜர்னைல் சிங் தில்லோன்.

ஆசிய விளையாட்டுப் போட்டியில் ஆண்கள் கால்பந்தில் இந்தியா வாங்கிய கடைசி தங்கம் அதுதான். 60 ஆண்டுகளுக்கு மேல் ஆகிவிட்டது. யார் இந்த ஜர்னைல் சிங்? பேக் ஆடுகிறவரை ஃபார்வர்டில் ஏன் இறக்கினார்கள்? விரிவாகப் பார்க்கலாம்.

லாரியில் எல்லை தாண்டிய சிறுவன்

ஜர்னைல் சிங் பிறந்தது 1936 பிப்ரவரி 20. பஞ்சாபின் ஹோஷியார்பூர் மாவட்டத்தில் உள்ள பனாம்தான் பூர்வீகம். ஆனால் அவர் சிறுவனாக வளர்ந்தது லயால்பூர் பக்கம். இன்று பாகிஸ்தானில் ஃபைசலாபாத் என்று அழைக்கப்படும் ஊர் அது. பிரிட்டிஷ் காலத்தில் அங்கே புதிதாகக் கால்வாய் வெட்டி நிலம் கொடுத்தார்கள். கிழக்கு பஞ்சாபிலிருந்து ஏராளமான சீக்கிய விவசாயக் குடும்பங்கள் அங்கே போய்க் குடியேறின.

1947-ல் நாடு பிரிந்தது. ஜர்னைலுக்கு அப்போது வயது 11.

நம் ஊர்ப் பக்கமும் எல்லைக்கோடு நகர்ந்திருக்கிறது. திருத்தணி வட்டாரம் 1960 ஏப்ரல் 1 அன்றுதான் ஆந்திராவிலிருந்து அன்றைய சென்னை மாகாணத்தோடு சேர்ந்தது. அதற்குப் பின்னால் ம.பொ.சி. நடத்திய பெரிய போராட்டம் இருக்கிறது. ஆனால் பொதட்டூர்பேட்டைக்காரர்கள் அதற்காக வீட்டைப் பூட்டிவிட்டு ஓட வேண்டியிருக்கவில்லை. தறி அதே இடத்தில் ஓடியது. இன்றும் நகரிக்கோ புத்தூருக்கோ பஸ் ஏறினால் எல்லை தாண்டியது கூடத் தெரியாது.

பஞ்சாபில் நடந்தது அப்படி இல்லை. கோடு போட்டார்கள், அந்தப் பக்கம் இருந்த சீக்கியர்களும் இந்துக்களும் இந்தப் பக்கம் ஓடி வந்தார்கள். இந்தப் பக்கம் இருந்த முஸ்லிம்கள் அந்தப் பக்கம் போனார்கள். வழியெல்லாம் ரத்தம். உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு லாரியில் எல்லை தாண்டிய சிறுவர்களில் ஜர்னைலும் ஒருவர்.

மஹில்பூரில் தொடங்கிய ஆட்டம்

இந்தியப் பக்கம் வந்த பிறகு ஜர்னைலின் வாழ்க்கை ஹோஷியார்பூர் மாவட்டத்திலேயே அமைந்தது. அந்த மாவட்டத்தில் மஹில்பூர் என்று ஒரு சின்ன ஊர். சென்னையில் வியாசர்பாடி, கன்னியாகுமரியில் தூத்தூர் எப்படியோ, பஞ்சாபில் மஹில்பூர் அப்படி. கால்பந்துக்காகவே பெயர் வாங்கிய ஊர். அங்கிருக்கும் கால்சா கல்லூரியில்தான் ஜர்னைல் பெரிய ஆட்டக்காரராகத் தேறினார்.

அந்தக் காலத்தில் கால்பந்தில் முன்னுக்கு வரணும்னா ஒரே வழிதான். கொல்கத்தா போகணும். இன்று ஐ.எஸ்.எல். மாதிரி லீக் எதுவும் கிடையாது. மோகன் பகான், ஈஸ்ட் பெங்கால், முகமதன் ஸ்போர்ட்டிங் என்ற மூன்று பெரிய கிளப்புகளைச் சுற்றித்தான் இந்தியக் கால்பந்து ஓடிக்கொண்டிருந்தது.

ஜர்னைலும் கொல்கத்தா போனார். முதலில் சேர்ந்தது அங்கிருந்த ராஜஸ்தான் கிளப்பில். அங்கே ஆடியதைப் பார்த்து 1959-ல் மோகன் பகான் எடுத்துக்கொண்டது. அடுத்த பத்து சீசன், 1968 வரை, அவர் வேறு எங்கும் போகவில்லை.

அந்த ஆண்டுகளில் மோகன் பகான் என்னவெல்லாம் ஜெயித்தது?

கொல்கத்தா லீக் பட்டம்: 1959, 1960, 1962, 1963, 1964, 1965.

டூராண்ட் கோப்பை: 1959, 1960-ல் ஈஸ்ட் பெங்காலுடன் பகிர்ந்துகொண்டது, பிறகு 1963, 1964, 1965 என தொடர்ந்து மூன்று முறை.

அணிக்கு ஹீரோ சுனி கோஸ்வாமி. பெங்களூருவிலிருந்து போன அருமைநாயகம் லெஃப்ட் விங்கில் பறப்பார். கோல் அடிக்க ஆள் இருந்தார்கள். வாங்கிவிடாமல் பார்த்துக்கொள்ள ஒரு ஆள் வேண்டுமே, அவர்தான் ஜர்னைல்.

'ஸ்டாப்பர்' என்றால் என்ன?

இன்றைய ரசிகர்கள் 'சென்டர் பேக்' என்று சொல்வதைத்தான் அன்றைக்கு 'ஸ்டாப்பர்' என்றார்கள். இந்தப் பெயருக்குப் பின்னால் ஒரு கதை உண்டு.

முதலில் கால்பந்தில் இரண்டே இரண்டு பேக்தான். முன்னால் மூன்று ஹாஃப் பேக், அதற்கும் முன்னால் ஐந்து ஃபார்வர்டு. 1925-ல் ஆஃப்சைடு விதியை மாற்றினார்கள். அதுவரை பந்தை வாங்குபவருக்கு முன்னால் எதிரணியினர் மூன்று பேர் இருக்க வேண்டும். புது விதிப்படி இரண்டு பேர் போதும். உடனே கோல் மழை கொட்ட ஆரம்பித்தது. இரண்டு பேக்கால் சமாளிக்க முடியவில்லை.

அதனால் நடுவில் ஆடிய சென்டர் ஹாஃபைப் பின்னால் இழுத்து, இரண்டு பேக்குக்கும் மத்தியில் நிறுத்தினார்கள். எதிரணியின் சென்டர் ஃபார்வர்டை மறிப்பது மட்டும்தான் அவருக்கு வேலை. 'ஸ்டாப்பர்' என்ற பெயர் வந்தது இப்படித்தான்.

சொல்வதற்கு ஈஸி. ஆனால் கோல் கீப்பருக்கு முன்னால் இருக்கும் கடைசி ஆள் அவர். ஃபார்வர்டு பத்து தடவை தவறவிட்டு ஒரு தடவை அடித்தால் மாலை போடுவார்கள். ஸ்டாப்பர் பத்து தடவை தடுத்து ஒரு தடவை விட்டால் திட்டு வாங்குவார்.

இன்னொன்றையும் கவனிக்கணும். மஞ்சள் அட்டை, சிவப்பு அட்டை எல்லாம் உலகக் கோப்பைக்கு வந்ததே 1970-ல்தான். ஜர்னைல் ஆடிய காலத்தில் உடம்போடு உடம்பு மோதுவது சாதாரணம். உயரமும் வலுவும் சேர்ந்த ஆள் அவர். ஓடி வந்து காலை நீட்டி பந்தைப் பறிக்கும் அவரது டாக்கிளுக்கு எதிரணி ஃபார்வர்டுகள் பயந்தார்கள். பந்து மேலே வந்தால் தலை, கீழே வந்தால் கால். இவ்வளவுதான் அவர் பாணி.

ரோம் ஒலிம்பிக்: கடைசி முறை

1960 ரோம் ஒலிம்பிக் அணியில் ஜர்னைல் இருந்தார். இந்திய கால்பந்து அணி ஒலிம்பிக்கில் ஆடிய கடைசி முறை அது. அதற்குப் பிறகு இன்று வரை தகுதி பெறவே இல்லை.

அந்தப் பிரிவில் இந்தியாவோடு இருந்தவை ஹங்கேரி, பிரான்ஸ், பெரு. ஹங்கேரியிடம் 1-2 என்று தோல்வி. அந்த ஹங்கேரிதான் கடைசியில் வெண்கலம் வாங்கியது. பிரான்ஸுடன் 1-1 டிரா. பெருவிடம் 1-3 தோல்வி. பெருவுக்கு எதிரான அந்த ஒரு கோலை அடித்தவர் தமிழரான சைமன் சுந்தர்ராஜ். ஒலிம்பிக் கால்பந்தில் இந்தியா அடித்த கடைசி கோல் இன்றைக்கும் அவருடையதுதான்.

மூன்று ஆட்டத்தில் ஒன்றுகூட ஜெயிக்கவில்லை என்று பார்த்தால் தோல்விதான். ஆனால் 1952-ல் இதே ஒலிம்பிக்கில் யூகோஸ்லாவியாவிடம் 1-10 என்று வாங்கிக் கட்டிக்கொண்ட அணி, எட்டே ஆண்டில் ஹங்கேரியை ஒரு கோல் வித்தியாசத்துக்குள் நிறுத்தியது. பின்வரிசை எவ்வளவு தூரம் மாறியிருந்தது என்பதற்கு இந்த ஸ்கோரே சாட்சி.

அந்த மாற்றத்துக்குக் காரணமானவர் பயிற்சியாளர் செய்யது அப்துல் ரஹீம். ஹைதராபாத்காரர், பள்ளி ஆசிரியராக இருந்தவர். 2024-ல் அஜய் தேவ்கன் நடித்து வந்த 'மைதான்' படம் இவருடைய கதைதான்.

ஜகார்த்தாவில் என்ன நடந்தது?

1962 ஆசிய விளையாட்டு ஆரம்பிக்கும்போதே சிக்கல். இஸ்ரேல், தைவான் வீரர்களுக்கு இந்தோனேசியா விசா தரவில்லை. ஆசிய விளையாட்டுப் போட்டியை உருவாக்கியவர்களில் ஒருவரான இந்தியாவின் ஜி.டி. சோந்தி இதை எதிர்த்தார். இரண்டு நாட்டை வெளியே நிறுத்திவிட்டு இதை ஆசிய விளையாட்டு என்று சொல்லக்கூடாது என்பது அவர் வாதம். இந்தோனேசிய மக்களுக்குக் கோபம் வந்துவிட்டது. இறுதிப் போட்டிக்கு முந்தைய நாள் ஜகார்த்தாவில் இருந்த இந்தியத் தூதரகத்துக்குள் ஒரு கூட்டம் புகுந்து தாக்கியது. அந்தக் கோபம் மொத்தமும் மைதானத்தில் இந்திய வீரர்கள் மேல் திரும்பியது.

ஆட்டத்திலும் ஆரம்பம் சரியில்லை.

முதல் ஆட்டம்: தென் கொரியாவிடம் 0-2 தோல்வி.

இரண்டாவது: தாய்லாந்துக்கு எதிராக 4-1 வெற்றி. ஆனால் இந்த ஆட்டத்தில்தான் ஜர்னைலின் தலையில் அடிபட்டது. தையல் போட வேண்டியதாயிற்று.

மூன்றாவது: ஜப்பானுக்கு எதிராக 2-0 வெற்றி. ஜர்னைல் ஆடவில்லை.

அரையிறுதியில் தெற்கு வியட்நாம். ரஹீம் முன்னால் இரண்டு வழி இருந்தது. காயம்பட்ட ஜர்னைலை வெளியே உட்கார வைக்கலாம். இல்லையென்றால் தலையில் கட்டோடு ஸ்டாப்பராகவே இறக்கலாம். ஸ்டாப்பர் என்றால் மேலே வரும் ஒவ்வொரு பந்தையும் தலையால் முட்டித் தள்ள வேண்டும். ஒரு தடவை தயங்கினால் கோல்.

ரஹீம் மூன்றாவதாக ஒரு வழியை எடுத்தார். ஸ்டாப்பர் இடத்தை அருண் கோஷிடம் கொடுத்தார். ஜர்னைலை சென்டர் ஃபார்வர்டாக முன்னால் அனுப்பினார்.

இதில் ஒரு கணக்கு இருக்கிறது. பின்னால் ஆடும்போது ஜர்னைல் வரும் பந்தையெல்லாம் தேடிப்போய் முட்டியே ஆக வேண்டும். முன்னால் ஆடினால் எந்தப் பந்துக்குப் போகலாம், எதை விடலாம் என்று அவரே முடிவு பண்ணலாம். அதோடு எதிரணி பேக்குகள் எப்படி யோசிப்பார்கள் என்று இன்னொரு பேக்குக்குத் தெரியாதா? இத்தனை பெரிய உருவம் பெனால்டி பாக்ஸுக்குள் வந்து நின்றால் இரண்டு பேர் அவரோடு ஒட்டிக்கொண்டு நிற்பார்கள். பி.கே., சுனி கோஸ்வாமி, பலராம் மூவருக்கும் அந்த அளவுக்கு இடம் கிடைக்கும்.

கணக்கு பலித்தது. அரையிறுதியில் இந்தியா 3-2 என ஜெயித்தது. சுனி இரண்டு, ஜர்னைல் ஒன்று. அதாவது ஜர்னைலின் கோல் இல்லாமல் அங்கேயும் வெற்றி இல்லை.

இறுதியில் மறுபடியும் கொரியா. 1956, 1960 என இரண்டு ஆசியக் கோப்பையையும் வென்ற அணி. ஒன்றரை வாரத்துக்குள் இந்தியாவை ஒரு தடவை தோற்கடித்த அணி. 20 நிமிடத்தில் இரண்டு கோல் வாங்கும் என்று அவர்கள் எதிர்பார்த்திருக்க வாய்ப்பில்லை. 85-வது நிமிடத்தில் ஒரு கோல் திருப்பினார்கள். மீதி ஐந்து நிமிடத்தைத் தாக்குப் பிடித்து இந்தியா தங்கம் வாங்கியது.

மைதானமே எதிர்த்து நின்றபோது இந்தியாவுக்காகக் குரல் கொடுத்த ஒரு சின்னக் கூட்டம் அங்கே இருந்ததாகச் சொல்வார்கள். யார் தெரியுமா? பாகிஸ்தான் ஹாக்கி அணி. பிரிவினையில் லயால்பூரை விட்டு ஓடி வந்த பையன் அன்று களத்தில் இருந்தார்.

அந்த அணியில் தமிழ்ப் பெயர்கள்

இந்தத் தங்கத்தில் நமக்கும் பங்கு உண்டு. இறுதிப் போட்டியில் கோல் காத்தவர் பீட்டர் தங்கராஜ். ஹைதராபாத்தில் பிறந்தவர். ராணுவத்தில் சேர்ந்து, குன்னூர் வெல்லிங்டனில் இருக்கும் மெட்ராஸ் ரெஜிமென்ட் மையத்துக்காக ஆடிப் பெயர் வாங்கினார். ஆறடிக்கும் மேல் உயரம்.

ஃபார்வர்டு துளசிதாஸ் பலராம் செகந்திராபாத் அருகே தமிழ்க் குடும்பத்தில் பிறந்தவர். அருமைநாயகம், எத்திராஜ் ஆகியோரும் ஜகார்த்தா போன அணியில் இருந்தார்கள். பேக் ஆடிய ஓ. சந்திரசேகரன் கேரளாவின் இரிஞ்ஞாலக்குடாக்காரர். அன்றைய இந்திய அணியில் வங்காளம், பஞ்சாப், ஹைதராபாத், தெற்கு எல்லாம் கலந்திருந்தது.

இன்னொரு தகவல். கால்பந்துக்கான அர்ஜுனா விருது வாங்கியவர்களின் வரிசையைப் பாருங்கள். 1961 பி.கே. பானர்ஜி, 1962 பலராம், 1963 சுனி கோஸ்வாமி, 1964 ஜர்னைல் சிங், 1965 அருண் கோஷ், 1966 யூசுஃப் கான், 1967 பீட்டர் தங்கராஜ். ஏழு வருடம், ஏழு பேர். ஏழு பேருமே ஜகார்த்தா அணி.

தங்கத்துக்குப் பிறகு

இவ்வளவு பெரிய வெற்றியை நாடு கொண்டாட நேரம் கிடைக்கவில்லை. ஒன்றரை மாதத்தில், அக்டோபர் 20 அன்று, சீனப் போர் தொடங்கியது. அடுத்த ஆண்டு ஜூன் 11 அன்று ரஹீம் புற்றுநோயால் இறந்தார். அதன்பின் அப்படியொரு அணியை யாராலும் கட்ட முடியவில்லை.

ஆனாலும் ஜர்னைல் தலைமுறை உடனே ஓய்ந்துவிடவில்லை. 1964 ஆசியக் கோப்பையில் இந்தியா தென் கொரியாவை 2-0, ஹாங்காங்கை 3-1 என வீழ்த்தியது. இஸ்ரேலிடம் மட்டும் 0-2 என்று தோற்று இரண்டாவது இடம் பிடித்தது. நான்கே அணிகள் ஆடிய தொடர்தான். ஆனால் ஆசியக் கோப்பையில் இந்தியாவின் சிறந்த இடம் இன்றைக்கும் அதுவே.

1965 முதல் 1967 வரை ஜர்னைல்தான் இந்திய அணியின் கேப்டன். அதே காலத்தில் இன்னொரு பெருமையும் வந்தது. ஆசிய நாடுகளின் சிறந்த ஆட்டக்காரர்களைச் சேர்த்து அமைத்த 'ஆசிய ஆல் ஸ்டார்' அணிக்கும் அவரைக் கேப்டனாக்கினார்கள். கொரியா, ஜப்பான், ஈரான் எல்லாம் இருக்கும் கண்டத்தில் ஒரு இந்தியர் தலைவர். இன்று யோசித்துப் பார்த்தால் நம்பவே கஷ்டமாக இருக்கும்.

ஆனால் சரிவும் அப்போதே தெரிய ஆரம்பித்தது. 1966 பாங்காக் ஆசிய விளையாட்டில் இந்தியா முதல் சுற்றோடு வெளியேறியது. 1970-ல் வெண்கலம் கிடைத்தது. ஆசிய விளையாட்டு கால்பந்தில் இந்தியாவின் கடைசிப் பதக்கம் அதுதான்.

மோகன் பகானை விட்ட பிறகு ஜர்னைல் சொந்த மாநிலத்துக்குத் திரும்பினார். அதுவரை பஞ்சாப் ஒருமுறைகூட சந்தோஷ் டிராபி வென்றதில்லை. 1970-71-ல் ஜலந்தரில் முதல்முறையாக வென்றது. 1974-75-ல் இறுதிப் போட்டியில் வங்காளத்தையே 6-0 என்று அடித்துக் கோப்பையைத் தூக்கியது. இந்த எழுச்சியில் ஜர்னைலின் பங்கு பெரியது. பிறகு பஞ்சாப் விளையாட்டுத் துறையில் அதிகாரியாக உயர்ந்தார். 2000 அக்டோபர் 13 அன்று கனடாவின் வான்கூவரில் காலமானார்.

ஏன் மறந்துபோனோம்?

பி.கே. பானர்ஜி பெயரும் சுனி கோஸ்வாமி பெயரும் கால்பந்து தெரியாதவர்களுக்குக்கூடக் கேட்ட பெயராக இருக்கும். ஜர்னைல் பெயர் அப்படி இல்லை. காரணம் அவருடைய வேலையிலேயே இருக்கிறது.

ஃபார்வர்டு அடித்த கோலுக்கு நிமிடம் முதற்கொண்டு பதிவு இருக்கிறது. ஸ்டாப்பர் தடுத்த கோலுக்கு எந்தக் கணக்கும் இல்லை. இன்றைக்கு ஒரு ஆட்டம் முடிந்ததும் எத்தனை டாக்கிள், எத்தனை கிளியரன்ஸ், எத்தனை ஹெட்டர் என்று மொபைலில் வந்துவிடுகிறது. 1960-களில் அதை எண்ண ஆள் இல்லை. டிவி ஒளிபரப்பும் இல்லை. அவர் பத்து வருடம் பின்னால் நின்று செய்த வேலையை நேரில் பார்த்தவர்கள் மட்டுமே அறிவார்கள்.

அவர்களும் இப்போது குறைந்துவிட்டார்கள். பி.கே. பானர்ஜியும் சுனி கோஸ்வாமியும் 2020-ல் அடுத்தடுத்து மறைந்தார்கள். ஃப்ரான்கோவும் சந்திரசேகரனும் 2021-ல். பலராம் 2023-ல்.

அதனால் ஜர்னைல் சிங் என்று தேடினால் முதலில் வருவது ஜகார்த்தாவில் அடித்த கோல்தான். இந்தியாவின் மிகச் சிறந்த தடுப்பாட்டக்காரரை அவர் வழக்கமாகச் செய்யாத ஒரு வேலையை வைத்துத்தான் நினைவில் வைத்திருக்கிறோம். அன்று அந்த 85-வது நிமிடம் வரை கொரியாவை கோல் அடிக்கவிடாமல் பின்னால் நின்ற அருண் கோஷ், திரிலோக் சிங், சந்திரசேகரன் பெயர்களை எத்தனை பேர் கேள்விப்பட்டிருக்கிறோம்?

இந்தியா ஏன் கால்பந்தில் பின்தங்கியது என்ற பேச்சு வரும்போதெல்லாம் 'கோல் அடிக்க ஆள் இல்லை' என்பதே முதல் புலம்பலாக இருக்கும். ஆசியாவே மதித்த காலத்தில் இந்தியாவிடம் கோல் அடிக்கவும் ஆள் இருந்தது, தடுக்கவும் ஆள் இருந்தது. தேவைப்பட்டால் இடம் மாறி இறங்கவும் தயாராக இருந்தார்கள். சாயங்காலம் உங்கள் ஊர் மைதானத்தில் பந்து உதைக்கும் பசங்களில் எல்லோரும் முன்னால்தான் ஆடணும்னு சண்டை போடுவார்கள். பின்னால் நிற்க ஒத்துக்கொள்கிற ஒரு பையன் இருந்தால், அவனிடம் இந்த ஜர்னைல் சிங் கதையைச் சொல்லுங்கள்.